அழுத வகுப்பு மறுவாரம் ஏன் மறுபடியும் பிரிந்து உட்கார்ந்தது?

தென்மாவட்டத்து அரசு மேல்நிலைப் பள்ளி ஒன்றில் ஒன்பதாம் வகுப்புக்குப் பாடம் எடுக்கும் ஆசிரியை ஒருவர் கேட்டிருப்பதன் சுருக்கம் இது. அவருடைய வகுப்பில் மாணவர்கள் தெருவாரியாகத்தான் பெஞ்சில் உட்காருகிறார்கள். கையில் கட்டியிருக்கும் கயிற்றின் நிறத்தைப் பார்த்தே யார் எந்த ஆள் என்று சொல்லிவிடலாம். ஒரு வெள்ளிக்கிழமை மதியம் அவர் பாடத்தை ஒதுக்கிவைத்துவிட்டு, ஒவ்வொருவரும் தாம் அவமானப்பட்ட ஒரு தருணத்தைச் சொல்லும்படி கேட்டார். பலர் அழுதார்கள், சிலர் கட்டிக்கொண்டார்கள். அடுத்த வாரம் புதன்கிழமை, தண்ணீர்க் குழாயடியில் அதே இரண்டு கூட்டமும் கைகலந்தன. ‘ஒத்துணர்வு என்பதெல்லாம் மேடைப் பேச்சுக்குத்தானா?’ என்பது அவருடைய கேள்வி.

அந்த வெள்ளிக்கிழமை வந்த கண்ணீர் பொய்யில்லை என்பதை முதலில் சொல்லிவிட வேண்டும். முதலில் மனம் இளகும், பிறகு பழக்கம் மாறும் என்று நாம் எதிர்பார்க்கிறோம். சிக்கல் அந்த வரிசையில் இருக்கிறது. எழுபது ஆண்டுகளாக நடந்துவரும் ஆய்வுகளும் நம் ஊர்களின் அனுபவமும் பெரும்பாலும் வேறொரு வரிசையையே காட்டுகின்றன. ஒருவரில்லாமல் மற்றவரால் முடிக்க முடியாத ஒரு வேலையைச் சமமான இடத்தில் நின்று சேர்ந்து செய்யும்போது பழக்கம் மாறுகிறது. மனம் அதன் பின்னால் தயங்கித் தயங்கி வருகிறது. நீங்கள் பின்னால் வர வேண்டியதை முன்னால் கூப்பிட்டீர்கள். அதுவும் மரியாதைக்கு ஒருமுறை தலைகாட்டிவிட்டுப் போய்விட்டது.

ஒத்துணர்வு என்ற சொல்லை நான் இரக்கத்திலிருந்து பிரித்தே எழுதுகிறேன். ‘ஐயோ பாவம்’ என்பவர் நிற்கும் இடம் அந்தச் சொல்லால் மாறுவதில்லை. மேலே நின்றபடியே கீழே பார்க்கிறார். மற்றவர் நிற்கும் இடத்திலிருந்து உலகம் எப்படித் தெரியும் என்று அறிந்து, அந்த வலியில் கொஞ்சத்தைத் தன் வலியாகவே உணர்வதுதான் ஒத்துணர்வு. அதற்கு ஒரு பெரிய குறை உண்டு. அது எல்லாரிடமும் ஒரே அளவில் பாய்வதில்லை. யாரை ‘நம்மாள்’ என்று கருதுகிறோமோ அவர் பக்கம் தானாக ஓடும், மற்றவர் பக்கம் தள்ளிவிட்டாலும் போகாது. சண்டைக்குப் போகிற பையன்கள் ஒத்துணர்வு இல்லாதவர்கள் என்று நினைத்துவிடாதீர்கள். தன் தெருப் பையன் ஒருவன் அடிவாங்கினான் என்று கேள்விப்பட்டதும் பத்துப் பேர் ஓடுவதும் ஒத்துணர்வுதான். மேடைகளில் இதை யாரும் சொல்வதில்லை.

இங்கிலாந்தின் லங்காஸ்டர் பல்கலைக்கழகத்தில் மார்க் லெவின் என்ற உளவியலாளர் குழுவினர் செய்து, 2005-இல் வெளியிட்ட ஆய்வு இதை அழகாகக் காட்டுகிறது. மான்செஸ்டர் யுனைடெட் கால்பந்து அணியின் ரசிகர்களை அழைத்து, அந்த அணியின் மீது தங்களுக்குள்ள பற்றைப் பற்றி எழுதச் சொன்னார்கள். பிறகு அவர்கள் வேறொரு கட்டடத்துக்கு நடந்துபோகும் வழியில், ஓடிவந்த ஒருவர் தடுக்கி விழுந்து கணுக்காலைப் பிடித்துக்கொண்டு முனகினார்; அவர் ஆய்வுக்குழுவின் ஆள். மான்செஸ்டர் சட்டை அணிந்து விழுந்தபோது பெரும்பாலானோர் உதவினார்கள். எதிரி அணியான லிவர்பூல் சட்டையோடும், எந்த அணியையும் சேராத வெறும் சட்டையோடும் விழுந்தபோது உதவி மிகவும் குறைந்தது. அடுத்த சுற்றில் எழுதச் சொன்ன பொருளை மட்டும் மாற்றினார்கள்: உங்கள் அணியைப் பற்றி வேண்டாம், கால்பந்து ரசிகராக இருப்பதைப் பற்றி எழுதுங்கள் என்றார்கள். இப்போது லிவர்பூல் சட்டைக்காரருக்கும் உதவி கிடைத்தது, ஆனால் வெறும் சட்டைக்காரரை அப்போதும் பலர் கடந்துபோனார்கள். ‘நாம்’ என்ற வட்டம் சில நிமிடங்களில் விரியக்கூடியது என்பதோடு, எவ்வளவு விரிந்தாலும் அதற்கு ஒரு வெளிப்புறம் இருக்கும் என்பதையும் சேர்த்தே இந்த ஆய்வு சொல்கிறது.

அந்த வட்டம் போடுவதற்கு மனிதர்களுக்குப் பெரிய காரணம் எதுவும் தேவையில்லை என்று காட்டியவர் ஹென்றி தாஜ்ஃபெல் என்ற உளவியலாளர். போலந்தில் 1919-இல் பிறந்த யூதர். இரண்டாம் உலகப் போரில் பிரெஞ்சுப் படையில் சேர்ந்து, ஜெர்மானியரிடம் போர்க்கைதியாகச் சிக்கி உயிர்பிழைத்துத் திரும்பியபோது போலந்திலிருந்த உறவினர்களில் ஏறக்குறைய எவரும் மிஞ்சியிருக்கவில்லை. அவர் பிற்பாடு பிரிஸ்டல் நகரத்துப் பள்ளி மாணவர்களிடம் நடத்திய சோதனை 1970-களின் தொடக்கத்தில் வெளியாயிற்று. க்ளே, காண்டின்ஸ்கி என்ற இரண்டு ஓவியர்களில் யாருடைய படம் பிடிக்கிறது என்பதை வைத்து உங்களைப் பிரிக்கிறோம் என்று பையன்களிடம் சொல்லிவிட்டு, உண்மையில் சீட்டுக் குலுக்கிப் போட்டதுபோலப் பிரித்தார்கள். தன் குழுவில் யார் இருக்கிறார்கள் என்றுகூட எவனுக்கும் தெரியாது. பிறகு, முகம் தெரியாத இருவருக்குப் பணம் பங்கிட்டுக் கொடுக்கச் சொன்னபோது, பையன்கள் தம் குழுக்காரனுக்கு அதிகம் ஒதுக்கினார்கள். அது எதிர்பார்க்கக் கூடியதே. ஆனால், தம் குழுவுக்கு மொத்தத்தில் குறைவாகக் கிடைத்தாலும் பரவாயில்லை, அந்தக் குழுவைவிட வித்தியாசம் அதிகமாக இருக்க வேண்டும் என்று பலர் தேர்ந்தெடுத்தார்கள் என்பதைப் படிக்கும்போது எனக்கு இன்றைக்கும் கொஞ்சம் வயிற்றைப் பிசைகிறது. எங்கள் ஊரில் திருவிழா வரி கேட்கும் கூட்டங்களில் அதே கணக்கைப் பெரியவர்கள் போடக் கேட்டிருக்கிறேன்.

ஆனால் பிரிஸ்டல் பையன்களின் வட்டம் சாக்குக்கட்டியால் போட்டது, மாலையில் அழிந்துவிடும். உங்கள் வகுப்பின் வட்டம் அப்படிப்பட்டதன்று. தமிழில் ‘நாம்’ என்றும் ‘நாங்கள்’ என்றும் இரண்டு சொற்கள் இருக்கின்றன. கேட்பவரையும் சேர்த்துக்கொண்டால் நாம், விலக்கினால் நாங்கள். இந்த வசதி நம்மை உள்ளடக்கும் மக்களாக ஆக்கிவிடவில்லை. ‘தம்பி எந்தத் தெரு?’ என்று விசாரித்து, பதில் திருப்தியாக இருந்தால் ‘அட, நம்மாளு’ என்று தோளில் கைபோடுகிறோம். சேர்த்துக்கொள்ளும் சொல்லையே வேலிக்கம்பியாக மாற்றிவிட்டோம். அந்தச் சொல்லுக்குப் பின்னால் நிலமும் கோயிலும் சுடுகாடும் வாக்குவங்கியும் இருக்கின்றன. 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் பட்டியல் சாதி மாணவன் ஒருவனை உடன்படித்த மாணவர்களே வீடு புகுந்து வெட்டியதும், தடுக்க வந்த தங்கையையும் வெட்டியதும் நாம் எல்லாரும் அறிந்ததே. அதன் பிறகு அமைக்கப்பட்ட நீதியரசர் கே. சந்துரு குழு 2024 ஜூனில் அளித்த அறிக்கையில், சாதியைக் காட்டும் கயிறு, மோதிரம், நெற்றிக்குறி ஆகியவற்றைப் பள்ளிகளில் தடைசெய்யும்படி பரிந்துரைத்தது. கயிற்றை அவிழ்ப்பதால் சாதி போய்விடாது என்று சிலர் ஏளனம் செய்தார்கள். லிவர்பூல் சட்டையை நினைத்துப் பார்த்தால், சட்டையைக் கழற்றுவது சிறிய காரியமன்று என்று புரியும்.

அப்படியானால், பழகவிட்டால் போதுமா? பழகினால் பகை போகும் என்ற நம்பிக்கையை உடைத்துக் காட்டியவர்களில் ஒருவர் முசாஃபர் ஷெரீஃப் என்ற உளவியலாளர். துருக்கியில் பிறந்து, முதல் உலகப் போரை ஒட்டி இஸ்மீர் பகுதியில் நடந்த கிரேக்க-துருக்கியக் கொலைகளைச் சிறுவயதில் கண்டவர். 1954 கோடையில் அவரும் அவருடைய குழுவினரும் அமெரிக்காவின் ஓக்லஹோமா மாநிலத்தில் ராபர்ஸ் கேவ் என்ற மலைக்காட்டுப் பூங்காவுக்கு இருபத்திரண்டு பையன்களை முகாமுக்கென்று அழைத்துப்போனார்கள். எல்லாரும் பதினொரு வயதை ஒட்டியவர்கள், ஒரே நிறம், ஒரே மதப்பிரிவு, ஒரே வகையான நடுத்தரக் குடும்பங்கள். இரண்டு குழுவாகத் தனித்தனியே தங்கவைத்தார்கள். ஒன்று ராட்லர்ஸ், மற்றது ஈகிள்ஸ் என்று தங்களுக்குப் பெயர் வைத்துக்கொண்டன. பரிசு வைத்துப் போட்டிகள் தொடங்கியதும் சில நாட்களிலேயே ஒருவர் கொடியை மற்றவர் எரித்தார்கள், குடிலுக்குள் புகுந்து கட்டில்களைக் கவிழ்த்தார்கள்.

பகை முற்றிய பிறகு ஷெரீஃப் முதலில் செய்துபார்த்தது நீங்கள் செய்ததற்கு உறவானது: சேர்ந்து சாப்பிட வைத்தார், சேர்ந்து படம் பார்க்க வைத்தார். சாப்பாட்டுக்கூடத்தில் உணவையே ஒருவர்மேல் ஒருவர் வீசியெறிந்தார்கள். இரண்டு கூட்டத்தை ஒரே அறையில் வைப்பது, அவர்களுக்குச் சண்டைபோட வசதியான ஓரிடத்தைக் கொடுப்பதாகவே முடிந்தது. அதன் பிறகுதான் முகாமின் குடிநீர் நின்றது. உண்மையில் பெரியவர்களே அடைப்பை ஏற்படுத்தியிருந்தார்கள். தொட்டியிலிருந்து வரும் குழாய் நெடுகிலும் இரு குழுவும் தேடிப்போய், தொட்டியடியில் கூடி, அடைப்பைச் சேர்ந்தே எடுத்தன. இன்னொரு நாள் உணவு வாங்கிவர வேண்டிய லாரி கிளம்பவில்லை. ஒரு பையனுக்குக் கயிறு நினைவுக்கு வந்தது. சில நாட்களுக்கு முன்பு இரு குழுவும் எதிரெதிரே நின்று வடம் இழுத்த அதே கயிறு. அதை லாரியில் கட்டி, இப்போது எல்லாரும் ஒரே பக்கம் நின்று இழுத்தார்கள். லாரி கிளம்பிற்று. ஒரே ஒரு முறையில் பகை மாறிவிடவில்லை. தண்ணீர்ப் பிரச்சினை தீர்ந்த அன்று மாலையே மறுபடியும் ஏசிக்கொண்டார்கள். இப்படிப் பல தேவைகள் அடுத்தடுத்து வந்த பிறகே தணிந்தது. கடைசி நாளில் ஒரே பேருந்தில் போகப் பெரும்பாலோர் விரும்பினார்கள். வழியில் வண்டி நின்றபோது, ராட்லர்ஸ் தாங்கள் போட்டியில் வென்றிருந்த ஐந்து டாலரைச் செலவழித்து எல்லாருக்கும் மால்ட் கலந்த பால் வாங்கிக் கொடுத்தார்கள்.

ஷெரீஃபின் ஆய்வுமுறையில் எனக்கும் மனத்தாங்கல் உண்டு. பையன்களுக்கோ பெற்றோருக்கோ உண்மை சொல்லப்படவில்லை, பகையைப் பெரியவர்களே ஊதிவிட்டார்கள். அதற்கு முந்தைய ஆண்டு நியூயார்க் மாநிலத்தில் இதேபோல் அவர் நடத்திய முகாம் பாதியில் கைவிடப்பட்டது. அங்கே பையன்கள் பிரிக்கப்படுவதற்கு முன்பே ஒருவரோடொருவர் பழகி நண்பர்களாகியிருந்தார்கள். பெரியவர்கள் மூட்டிய சண்டையில் மாட்டாமல், இது யாரோ செய்யும் சூழ்ச்சி என்று கண்டுபிடித்துவிட்டார்கள். எனக்கு வெற்றிபெற்ற முகாமைவிட இந்தத் தோற்ற முகாம்தான் அதிகம் கற்றுக்கொடுக்கிறது. குழு இறுகுவதற்கு முன்பே ஏற்படும் நட்பு, பின்னால் யார் எவ்வளவு தூண்டினாலும் எளிதில் அறுவதில்லை. ஒன்பதாம் வகுப்பில் கஷ்டப்படும் உங்களைவிட, ஒன்றாம் வகுப்பு ஆசிரியருக்கு இதில் வாய்ப்பு அதிகம்.

1954-லேயே கார்டன் ஆல்போர்ட் என்ற ஹார்வர்டு உளவியலாளர், இரு கூட்டத்தார் ஒருவரோடொருவர் பழகுவது எப்போது வேலை செய்யும் என்பதற்கு நான்கு நிபந்தனைகளை எழுதினார். பழகும் இடத்தில் இருவருக்கும் சமமான நிலை இருக்க வேண்டும். பொதுவான நோக்கம் வேண்டும். அதை அடையப் போட்டி போடாமல் ஒத்துழைக்க வேண்டும். சட்டமோ வழக்கமோ மேலதிகாரமோ அந்தப் பழக்கத்துக்குப் பின்னால் நிற்க வேண்டும். பெட்டிக்ரூ, ட்ராப் என்ற இருவர் 2006-இல் 515 ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்தபோது, இந்த நிபந்தனைகள் இல்லாவிட்டாலும் பழக்கம் ஓரளவு பயன் தருகிறது, இருந்தால் பயன் கூடுகிறது என்று தெரிந்தது. மற்ற நாடுகளுக்கு எப்படியோ, நம் நாட்டைப் பொறுத்தவரை முதல் நிபந்தனையை விட்டுக்கொடுக்கவே கூடாது என்பது என் கருத்து. ஏனென்றால் சாதிகள் பழகாமல் இருந்ததால் நம்மூரில் சாதி வாழவில்லை. தினமும் பழகித்தான் வாழ்ந்தது.

என் சிறுவயதில் எங்கள் ஊர் டீக்கடையில் கண்ணாடி டம்ளர்கள் பலகைமேல் இருக்கும். அலுமினிய டம்ளர்கள் சில, கூரைக்கு முட்டுக்கொடுத்த மூங்கிலில் அடித்த ஆணியில் தொங்கும். அவற்றில் குடிப்பவர்கள் தாங்களே எடுத்துக் கழுவி நீட்ட வேண்டும், குடித்த பிறகும் கழுவித் தொங்கவிட வேண்டும். டீ மாஸ்டர் கை படாமல் உயரத்திலிருந்து ஊற்றுவார். அவர் கெட்டவர் அல்லர். ஊற்றிக்கொண்டே, ‘பெரியவனுக்குக் காய்ச்சல் விட்டுச்சா? ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போனியா?’ என்று கேட்பார். அந்தக் குரலில் இருந்த அக்கறை உண்மையானது என்று இப்போதும் நம்புகிறேன். ஒருமுறை மருந்துக்குக் கல்லாவிலிருந்து காசு எடுத்துக் கொடுத்ததையும் பார்த்திருக்கிறேன். டம்ளர் மட்டும் ஆணியிலேயே தொங்கிற்று. பழக்கமும் இருந்தது, அடுத்தவர் பிள்ளையின் காய்ச்சலைத் தன் வீட்டுக் காய்ச்சல்போல விசாரிக்கும் மனமும் இருந்தது. சமநிலை இல்லாத இடத்தில் அந்த மனம், வேலியை நெருக்கிக் கட்டாமல் பார்த்துக்கொண்டது, வேலியைப் பிடுங்கவில்லை.

உங்கள் திருநெல்வேலிப் பக்கமே இதற்கு ஒரு வரலாற்றுச் சான்று இருக்கிறது. விடுதலைப் போராட்ட வீரரான வ.வே.சு. ஐயர் 1920-களில் சேரன்மாதேவியில் ஒரு குருகுலம் நடத்தினார். நாட்டுப்பற்றுள்ள இளைஞர்களை உருவாக்குவது அதன் நோக்கம்; காங்கிரஸ் நிதியும் பல சாதியாரின் நன்கொடையும் அதற்கு வந்தன. பொதுவான நோக்கம் இருந்தது, மேலிருந்தோரின் ஆதரவு இருந்தது, பல சாதிப் பிள்ளைகளும் ஒரே இடத்தில் படித்தார்கள். ஆனால் பிராமணச் சிறுவர் இருவருக்குத் தனியாகச் சோறு போடப்பட்டது. 1924-25-இல், அப்போது காங்கிரசில் இருந்த வரதராஜுலு நாயுடுவும் பெரியாரும் அதை எதிர்த்துக் கேட்டபோது எழுந்த பூசல் தமிழகக் காங்கிரசையே உலுக்கிற்று. எதிர்த்தவர்கள்கூட ஐயரின் தேசபக்தியைச் சந்தேகித்ததில்லை. சாப்பாட்டு வரிசை ஒன்றாக இல்லாத இடத்தில், மீதி எல்லாம் ஒன்றாக இருந்தும் பயன்படவில்லை.

சமநிலையோடு சேர்த்தால் என்ன ஆகும் என்பதற்கு இந்தியாவிலேயே நல்ல ஆய்வுகள் வந்திருக்கின்றன. அரசு நிலத்தில் கட்டிய டெல்லித் தனியார் பள்ளிகள் ஏழைப் பிள்ளைகளுக்கு இடம் ஒதுக்க வேண்டும் என்ற விதி 2007-இல் கண்டிப்பாக நடைமுறைக்கு வந்தது. கட்டணம் கிடையாது, வகுப்பும் பெஞ்சும் ஒன்றுதான். பொருளாதார அறிஞர் கௌதம் ராவ் அந்தப் பள்ளிகளின் வசதியான வீட்டுப் பிள்ளைகளிடம் ஒரு தொடரோட்டப் பந்தயம் வைத்தார். அணியில் யாரைச் சேர்த்துக்கொள்வாய்: வேகமாக ஓடும் ஏழைப் பையனையா, மெதுவாக ஓடும் உன்னைப்போன்ற பையனையா? பந்தயத்துக்குப் பிறகு அணியினரோடு சேர்ந்து விளையாடவும் வேண்டும் என்பது நிபந்தனை. பரிசுத்தொகை சிறியதாக இருந்தபோது, தோற்றாலும் சரி என்று மெதுவானவனைத் தேர்ந்தெடுத்தவர்கள் கணிசமாக இருந்தார்கள். தொகை பெரிதானதும் அந்த எண்ணிக்கை சரிந்தது. ஏற்கெனவே வகுப்பில் ஏழை மாணவர்களோடு படித்தவர்களிடம் இந்த ஒதுக்கல் குறைவாகவே இருந்தது. தானம் செய்வதிலும் அவர்கள் தாராளமாக இருந்தார்கள். ஒரு சிறு தகவல் உங்களுக்கு உதவும். சில பள்ளிகளில் படிப்புக் குழுக்களைப் பெயரின் அகரவரிசைப்படி பிரித்திருந்தார்கள். அப்படித் தற்செயலாக ஏழை மாணவனோடு ஒரே குழுவில் விழுந்தவர்களிடம் மாற்றம் தெளிவாகத் தெரிந்தது. ஆகவே உங்கள் வகுப்பில் உட்காரும் வரிசையை வருகைப்பதிவேட்டின் அகரவரிசைக்கு மாற்றுங்கள். யாரையும் குற்றம் சொல்லாத, யாரும் எதிர்த்து வாதாட முடியாத ஏற்பாடு அது.

விளையாட்டு பற்றி ஓர் எச்சரிக்கையும் சொல்ல வேண்டும், ஏனென்றால் ‘ஒரு கிரிக்கெட் மேட்ச் வைத்தால் சரியாகிவிடும்’ என்று எந்தப் பள்ளியிலும் யாராவது ஒருவர் சொல்வார். மாட் லோ என்ற ஆய்வாளர் உத்தரப் பிரதேசக் கிராமங்களில் 1,261 இளைஞர்களை எடுத்துக்கொண்டு, அவர்களில் 800 பேரை ஒரு மாதக் கிரிக்கெட் லீகில் ஆடவைத்தார். யார் எந்த அணி என்பதைக் குலுக்கல் முறையில் பிரித்ததால், சிலருக்குப் பல சாதி கலந்த அணி கிடைத்தது, சிலர் தம் சாதி அணியில் நின்று பிற சாதியாரை எதிர்த்து ஆடினார்கள். கலந்த அணியில் ஆடியவர்களுக்குப் பிற சாதி நண்பர்கள் கூடினார்கள். எதிரணியாகவே பிற சாதியாரைச் சந்தித்தவர்களிடம் பெரும்பாலும் நேர்மாறான விளைவே ஏற்பட்டது. தெருவுக்கு ஓர் அணி என்று நீங்கள் போட்டி வைத்தால், அது ஷெரீஃபின் முகாமில் போட்டிகள் தொடங்கியதும் நடந்ததைத் திரும்ப நடத்துவதாகும்.

கலந்த அணியும் எல்லாவற்றையும் செய்துவிடாது. ஐ.எஸ். படையால் விரட்டப்பட்ட ஈராக் கிறிஸ்தவர்களை வைத்து சல்மா மூசா நடத்தி 2020-இல் வெளியிட்ட கால்பந்து ஆய்வில், முஸ்லிம் வீரர்களோடு ஆடிய கிறிஸ்தவர்கள், லீக் முடிந்து ஆறு மாதம் கழித்தும் அவர்களோடு பயிற்சிக்கு வந்தார்கள். ஆனால் முஸ்லிம்கள் மிகுந்த மோசூல் நகரத்து உணவகத்துக்குப் போவதிலோ, முகம் தெரியாத முஸ்லிம்களோடு ஒரு விழாவில் கலந்துகொள்வதிலோ பெரிய மாற்றம் இல்லை. மைதானத்தில் பிறந்த நட்பு மைதானத்தின் எல்லைக்கோட்டிலேயே நின்றது. உங்கள் வகுப்பில் ஒன்றாக இருக்கும் பையன்கள் பேருந்து நிறுத்தத்தில் முகத்தைத் திருப்பிக்கொண்டால், அதற்காக மனம் உடைந்துவிட வேண்டாம். ஊரின் விதி வேறாக இருக்கும்வரை அப்படித்தான் இருக்கும். அந்த விதியை மாற்றுவது ஓர் ஆசிரியையின் தலைமேல் மட்டும் சுமத்த வேண்டிய வேலையன்று.

வகுப்புக்குள் செய்யக்கூடியது என்று ஒன்றை மட்டும் சொல்லச் சொன்னால், எலியட் ஆரன்சன் 1971-இல் டெக்சாசின் ஆஸ்டின் நகரில் செய்ததைச் சொல்வேன். கறுப்பு, வெள்ளை, மெக்சிகப் பிள்ளைகள் அப்போதுதான் ஒரே பள்ளிகளில் சேர்க்கப்பட்டு, வகுப்பறைகள் சண்டைக்களமாக இருந்தன. அவர் பாடத்தைத் துண்டுபோட்டார். உதாரணமாக, உங்கள் சமூக அறிவியல் பாடத்தில் ஐந்து பகுதி என்றால், ஐவர் கொண்ட கலந்த குழுவில் ஒவ்வொருவருக்கும் ஒரு பகுதி மட்டுமே கையில் கிடைக்கும். ஒரே பகுதியைப் பெற்ற வெவ்வேறு குழுவினர் முதலில் தனியே கூடி அதை நன்றாகப் படித்துக்கொள்வார்கள். பிறகு தம் குழுவுக்குத் திரும்பி மற்ற நால்வருக்கும் சொல்லிக்கொடுப்பார்கள். தேர்வு ஐந்து பகுதிக்கும் உண்டு, மதிப்பெண் அவரவருக்குத் தனி. ஆரன்சன் விவரிக்கும் ஒரு குழுவில், ஆங்கிலம் தடுமாறும் ஒரு மெக்சிகப் பையன் பேச முடியாமல் திணறினான், மற்றவர்கள் கேலிசெய்தார்கள். கூடநின்றவர் அறிவுரை எதுவும் சொல்லவில்லை. அவனுக்குத் தெரிந்தது உங்களுக்குத் தேர்வில் வரப்போகிறது, நேரம் இவ்வளவுதான் இருக்கிறது என்று மட்டும் நினைவூட்டினார். கேலி செய்து பயனில்லை என்று தெரிந்ததும் அவர்கள் அவனிடம் எளிமையான, நல்ல கேள்விகள் கேட்கக் கற்றுக்கொண்டார்கள். அவனும் பயம் விலகிப் பேசினான். சில வாரங்களில் அவனை அவர்களுக்குப் பிடித்துப்போயிற்று. நல்ல கேள்வி கேட்கக் கற்றுக்கொண்டதை ஒத்துணர்வு என்றே நான் எண்ணுகிறேன். அவர்கள் அதை அந்தப் பெயரால் அறியவில்லை.

உங்கள் வெள்ளிக்கிழமை நிகழ்ச்சியைப் பற்றி எனக்கு ஒரு வருத்தம் உண்டு, சொல்லாமல் விட முடியவில்லை. அவமானத்தை எல்லாரும் சொல்லுங்கள் என்றபோது, யார் அதிகம் சொல்ல வேண்டியதாயிற்று? காயம்பட்ட பிள்ளைகள் தம் காயத்தைத் திறந்துகாட்ட, மற்றவர்கள் பார்த்து நெகிழ்ந்தார்கள். மறுவாரம் அந்தக் கதையே குழாயடியில் ஏச்சுக்கு எடுத்துக்கொடுத்திருக்கவும் கூடும். ஒத்துணர்வு வளர்ப்பதற்கான விலையை எப்போதும் அடிபட்டவனிடமே வசூலிக்கும் ஏற்பாடு நியாயமன்று. அடியும் ஏச்சும் நடக்கும்போது முதலில் வர வேண்டியது தலைமையாசிரியரும் விதியும், தேவையானால் 1989-ஆம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டமும். சமரசக் கூட்டம் அதற்குப் பின்னால் வரலாம்.

பேச்சுக்கு இடமே இல்லை என்று சொல்லவில்லை. யாரிடம் எதைக் கேட்கிறோம் என்பதே முக்கியம். 2015-இல் அமெரிக்காவின் மயாமியில் தன்னார்வலர்கள் வீடுவீடாகச் சென்று, வாக்காளர்களிடம் திருநர் மீதான வெறுப்பைக் குறைக்கும் நோக்கோடு பத்து நிமிடம் போலப் பேசினார்கள். புள்ளிவிவரமும் வாதமும் அடுக்கவில்லை. ‘நீங்கள் மற்றவர்களைவிட வேறாக இருந்ததால் உங்களை யாராவது மட்டமாக நடத்தியதுண்டா?’ என்று கேட்டு, அவர்கள் சொல்வதைப் பொறுமையாகக் கேட்டார்கள். பிறகு அந்த அனுபவத்தையும் திருநரின் நிலையையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கச் சொன்னார்கள். ப்ரூக்மன், காலா என்ற இருவர் இதை அளந்து 2016-இல் வெளியிட்டார்கள். மூன்று மாதம் கழித்தும் மாற்றம் நின்றது. இதில் சுவையான பின்கதை ஒன்றும் உண்டு. இதே முறையைப் பற்றி அதற்கு முன் வந்த ஒரு புகழ்பெற்ற ஆய்வின் தரவுகள் நம்பத்தக்கவை அல்ல என்று கண்டுபிடித்து அம்பலப்படுத்தியவர்களில் இவ்விருவரும் அடக்கம். பொய்யை உடைத்தவர்களே உண்மையாகச் சோதித்துப் பார்த்து, முறை வேலைசெய்கிறது என்று சொன்னதால் அதன்மேல் எனக்கு மதிப்புக் கூடுகிறது. பெற்றோர் சிலரிடம், கூட்டத்தில் இல்லாமல் ஒவ்வொருவராக, வராந்தாவில் நின்று இப்படிப் பேசிப்பாருங்கள். சென்னைக்கோ திருப்பூருக்கோ வேலைக்குப் போன இடத்தில் மேஸ்திரியோ வீட்டுக்காரரோ தம்மை மட்டமாக நடத்திய நாளொன்று, ஆதிக்கச் சாதிக்காரரிடமும் நிச்சயம் இருக்கும்.

அடுத்த திங்கட்கிழமை அகரவரிசையில் உட்காரவைத்து, ஒரு பாடத்தை ஐந்தாகப் பிரித்துத் தொடங்குங்கள். முதல் இரண்டு வாரம் இரைச்சலாகத்தான் இருக்கும், மதிப்பெண்ணும் கொஞ்சம் இறங்கலாம்; ஆறு வாரம் விடாமல் நடத்துங்கள். ஒற்றுமை, சகோதரத்துவம் போன்ற சொற்களை அந்த ஆறு வாரமும் வகுப்பில் உச்சரிக்க வேண்டாம். ஒரு சின்ன நோட்டில், மாணவர்கள் கண்ணில் படாமல், நீங்கள் காண்பதை மட்டும் குறித்துவாருங்கள்: யார் யாருடைய ஜியோமெட்ரி பாக்ஸை வாங்கினான், வராத நாளில் எவன் எவனுடைய நோட்டைப் பார்த்து எழுதினான், மதியம் தண்ணீர் பாட்டிலை யார் யாரிடம் நீட்டினான், வாங்கியவன் அண்ணாந்து குடித்தானா, வாய்வைத்துக் குடித்தானா. ஆறாவது வாரம் அந்த நோட்டோடு மறுபடியும் எழுதுங்கள்.